அறுபது டசின் மேசைக்கத்தி

12.01.1985

பொங்கலுக்கு இன்னும் இரண்டு நாள். பானையும் அகப்பையும் விற்கவேண்டிய நேரத்தில் மேசைக்கத்தி விற்றுக்கொண்டிருக்கிறேன். இன்று மட்டும் பதினொரு பேர். எல்லாரும் தாய்மார், எல்லாருக்கும் ஒரே கதை. மகன் ஜேர்மனிக்குப் போகிறான், அங்கே கையால் சாப்பிட்டால் சிரிப்பார்களாம், போகமுதல் பழக ஒரு கத்தியும் முள்ளுக்கரண்டியும் வேண்டும். புத்தூரிலிருந்து வந்த ஓர் அம்மா கத்தியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“தம்பி, உதாலை புட்டை எப்பிடிச் சாப்பிடுறது?”

“அங்கை புட்டு இல்லையம்மா.”

பகிடியாகத்தான் சொன்னேன். அவர் முகம் ஒரு மாதிரிப் போய்விட்டது. கத்தியைக் கண்ணாடிப் பெட்டியின் மேல் வைத்தேன், எடுத்துக்கொண்டார். கத்தியைக் கைக்குக் கை கொடுத்தால் பகை வரும் என்று எங்கள் ஐயா காலத்திலிருந்தே இந்தக் கடையில் அப்படித்தான்.

ஐயா காலத்தில் இங்கிலாந்துச் சாமான் மட்டும்தான். மஞ்சள் பிடி, கனமான உருக்கு. வாங்குகிறவர்கள் மானிப்பாய் டொக்டர்மாரும் பென்சன் எடுத்த பெரிய உத்தியோகத்தரும். ஒரு வீட்டுக்கு ஒருமுறை விற்றால் பேரப்பிள்ளை காலம்வரை போதும், கடைக்காரனுக்கு அதனால் என்ன பயன்? எழுபத்தேழில் இறக்குமதியைத் திறந்துவிட்ட பிறகு யப்பான் வந்தது. பின்னால் ஹொங்கொங், கொரியா, இப்போது தாய்வான். வருடத்துக்கு வருடம் தகடு மெலிகிறது, பெட்டி மட்டும் வடிவாகிறது. கடைசியாக வந்ததை இரண்டு விரலால் வளைத்துப் பார்த்தேன், வளைந்தது. அவித்த உருளைக்கிழங்கை வெட்டவே அது யோசிக்கும். ஆனால் எல்லாரும் கேட்பது அதைத்தான். போகிற பிள்ளையின் பெட்டி பாரமாக இருக்கக்கூடாதாம்.

03.02.1985

கையிருப்பு முடிந்தது. அறுபது டசினுக்கு ஓடர் எழுதினேன்.

இருபது வருடமாகக் கொழும்புப் புறக்கோட்டையில் எனக்குச் சாமான் அனுப்பியவர் நமசிவாயம். எண்பத்துமூன்று ஆடிக் கலவரத்தில் அவருடைய கடையை எரித்தார்கள். இப்போது திருச்சியில் மருமகன் வீட்டில் இருக்கிறார். புது ஆள் ஒரு ஹாஜியார். நேர்மையானவர், ஆனால் எங்கள் முறை தெரியாது. அதனால் ஒரு பக்கத்துக்கு விளக்கமாக எழுதினேன். கத்திகளைத் தனிப் பெட்டியில் போடவேண்டாம். டசின் டசினாக எண்ணெய்க் கடதாசியில் சுற்றித் தேயிலைப் பெட்டிகளின் அடியில் வைத்து, வைக்கோல் போட்டு, மேலே பீங்கான் கோப்பைகளை அடுக்கவும். லொறியில் கொடுத்துவிடும் பில்லில் பீங்கான் மட்டும் இருக்கட்டும். கத்தியும் சேர்ந்த முழுப் பில்லைத் தபாலில் எனக்கு அனுப்பவும்.

எழுபத்தொன்பதில் இரண்டு டசின் இங்கிலாந்துக் கத்தி வழியில் காணாமற்போனது. எந்த லொறிக்காரன் எடுத்தானோ, இன்றுவரை தெரியாது. அதன்பிறகு நானும் நமசிவாயமும் யோசித்துப் பிடித்த வழி இது. உடையும் என்ற பயத்தில் கோப்பையை ஒருவனும் கிளறமாட்டான். பிறகு ஒரு கத்திகூடக் குறையவில்லை.

கடிதத்தை மடிக்கும்போது என் மூளையை நானே மெச்சிக்கொண்டேன்.

20.02.1985

ஹாஜியாரின் முழுப் பில் தபாலில் வந்தது. சொன்னபடியே செய்திருக்கிறார். நாளை சிமியோனின் லொறியில் ஏறுகிறது.

சிமியோன் இளவாலைப் பெடியன். பெடியன் என்ன, முப்பத்தைந்து வயதிருக்கும். இங்கே சுன்னாகத்திலிருந்து வெங்காயம் ஏற்றிக்கொண்டு கொழும்புக்குப் போவான், எங்கள் சாமான்களோடு திரும்பி வருவான். வரும்போதெல்லாம் என் மகளுக்கு ஏதாவது பழம் கொண்டுவருவான். காசு கொடுத்தால் வாங்கமாட்டான்.

அவனையா சந்தேகிக்கிறேன்? இல்லை. முறை என்று ஒன்று இருந்தால் எல்லாருக்கும் முறைதானே.

25.02.1985

லொறி வரவில்லை. பாதை மறித்திருக்கலாம்.

27.02.1985

லூர்த்தம்மா வந்தாள், சிமியோனின் மனைவி. கடைவாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றாள். கடைக்குள் ஏன் செருப்பைக் கழற்றுகிறாள் என்று யோசித்துக்கொண்டிருக்கும்போதே அழத் தொடங்கிவிட்டாள்.

வவுனியாவுக்கு அந்தப்பக்கம் இராணுவச் சோதனை. பெட்டிகளை இறக்கச் சொல்லியிருக்கிறார்கள். ஒரு ஆமிக்காரன் தேயிலைப் பெட்டியைக் கவிழ்த்துக் கொட்ட, கோப்பைகள் உடைந்து வைக்கோலுக்குள்ளிருந்து கத்தி விழுந்தது. பிறகு எல்லாப் பெட்டியையும் கவிழ்த்திருக்கிறார்கள். பில்லைப் பார்த்தால் பீங்கான் மட்டும். அந்த இடத்திலேயே சிமியோனைக் கட்டிக் கொண்டுபோய்விட்டார்கள். பின்னால் வந்த லொறிக்காரன் பார்த்துவிட்டு வந்து சொன்னானாம்.

“அண்ணை, உங்கடை பீங்கானுக்குள்ளை கத்தி எப்பிடி வந்தது?”

“எனக்கும் விளங்கேல்லை” என்றேன்.

ஏன் அப்படிச் சொன்னேன்? வாய் தானாகச் சொல்லிவிட்டது. அவள் நம்பிவிட்டாள். “உங்களுக்கும் வீண் கரைச்சல்” என்று எனக்கு ஆறுதல் சொல்லிவிட்டுப் போகிறாள்.

28.02.1985

எழுநூற்றிருபது கத்தி. இவ்வளவு காலமும் டசினில்தான் எண்ணியிருக்கிறேன்.

06.03.1985

முழுப் பில் மேசை லாச்சிக்குள் இருக்கிறது. அதைக் கொண்டுபோய்க் காட்டினால் இது வியாபாரச் சாமான், ஒளித்து வைக்கச் சொன்னது நான், சிமியோனுக்கு ஒன்றும் தெரியாது என்று விளங்கிவிடும். மனைவி பத்மாசினியிடம் சொன்னேன்.

“கொண்டுபோய்க் காட்டினா அவனை விட்டிட்டு உங்களைப் பிடிப்பாங்கள். இல்லாட்டி ரெண்டு பேரையும் வைச்சிருப்பாங்கள். குமர்ப்பிள்ளை இருக்கிற வீடு” என்றாள்.

“அவனுக்கும் மூண்டு பிள்ளையள் இருக்கு.”

“ஓம். தெரியும்” என்றாள்.

11.03.1985

அப்புக்காத்தரிடம் சட்டம் கேட்கப் போனேன். பில்லை மட்டும் தபாலில் அனுப்பிப் பிரயோசனமில்லை, இரண்டு பில் எதற்கு என்று எழுதுவித்தவனே நேரில் வந்து சொல்லவேண்டும் என்றார். “நீர் போவீரோ?” என்று மூக்குக் கண்ணாடிக்கு மேலால் பார்த்தார். போவேன் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

14.03.1985

லூர்த்தம்மாவுக்கு ஆங்கிலம் எழுதத் தெரியாது. மனு எழுதித்தரச் சொல்லி என்னிடமே வந்தாள். எழுதிக் கொடுத்தேன். “கத்தி எப்பிடி வந்ததெண்டும் எழுதவேணும் அண்ணை, அதைத்தானே கேப்பாங்கள்” என்றாள். ‘என் கணவர் அதனை அறியார், நானும் அறியேன்’ என்று எழுதினேன். என் கையெழுத்து வடிவாக இருக்கிறதாம்.

19.03.1985

விடிய வவுனியா பஸ் ஏறினேன். பில் போட்டிருந்த சேட்டுப் பைக்குள். கொடிகாமத்தில் இறங்கி, எதிர்ப்பக்கத்து பஸ்ஸில் ஏறித் திரும்பி வந்துவிட்டேன். ஏன் இறங்கினேன் என்று எனக்கே சொல்லத் தெரியவில்லை. பயம்தான், வேறென்ன. பத்மாசினி சோற்றைப் போட்டாள்.

28.05.1985

அனுராதபுரத்தில் நடந்த கொலைகளுக்குப் பிறகு அந்தப் பக்கம் ஒருவரும் போவதில்லை. இனிப் போகாததற்கு எனக்கு நல்ல காரணம் இருக்கிறது. வெட்கமாயிருக்கிறது.

09.07.1985

போர்நிறுத்தம் என்று பாதை திறந்திருக்கிறது. வவுனியா முகாமுக்குப் போய்விட்டு வந்தேன். முழுவதையும் எழுதவேண்டும்.

பில்லோடு கடையிலிருந்த ஒரு தாய்வான் கத்தியையும் கொண்டுபோனேன். மூன்று மணித்தியாலம் மர வாங்கில் இருத்திவைத்துவிட்டுக் கூப்பிட்டார்கள். இளம் அதிகாரி, ஆங்கிலம் பேசினான். கத்தியை அவன் மேசைமேல் வைத்தேன். எடுத்து வளைத்துப் பார்த்துவிட்டுச் சிரித்தான். சரி, விளங்கிவிட்டது என்று நினைத்தேன்.

“இதையா ஒளித்தாய்? எதற்கு?” என்று கேட்டான்.

“திருட்டுக்குப் பயந்து.”

“யார் திருடுவது?”

“லொறிக்காரர்கள்.”

“அப்படியானால் இந்தச் சிமியோன் திருடன்.”

“இல்லை ஐயா, அவன் நல்லவன்.”

“நல்லவனென்றால் ஏன் அவனுக்கு ஒளித்தாய்?”

நாலு மாதமாக எத்தனை கேள்விக்குப் பதில் தயாரித்து வைத்திருந்தேன்! இந்தக் கேள்வி என் மனத்தில் ஒருநாளும் வரவில்லை. அவன் சிங்களத்தில் ஒரு பக்கம் எழுதி என் பக்கம் திருப்பினான். எனக்குச் சிங்களம் வாசிக்கத் தெரியாது. என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டேன். நீ சொன்னதுதான் என்றான். வாசலில் துவக்கோடு ஆமிக்காரன் ஒருவன் நின்றான். கையெழுத்து வைத்தேன்.

பில்லையும் வாங்கி வைத்துக்கொண்டார்கள், கத்தியையும்தான். சிமியோனைப் பார்க்கலாமா என்று கேட்டேன். அவன் இங்கே இல்லை, தெற்கே ஒரு முகாமுக்கு அனுப்பியாயிற்று என்றான்.

என்னை விட்டுவிட்டார்கள். வீதிக்கு வந்ததும் ஒரு சோடா வாங்கிக் குடித்தேன். சந்தோசத்தில்தான். அதையும் எழுதத்தான் வேண்டும்.

12.07.1985

லூர்த்தம்மா ஒரு கட்டு முருங்கைக்காயோடு வந்தாள். “இவ்வளவு சனத்துக்கை நீங்கள் ஒராள்தான் அண்ணை போனனீங்கள்” என்றாள். இப்போதாவது சொல்லிவிடுவோம் என்று வாயெடுத்தேன். அவளுடைய சின்ன மகள் கண்ணாடியில் மூக்கை வைத்து உள்ளேயிருந்த கரண்டிகளைப் பார்த்துக்கொண்டு நின்றது. சொல்லவில்லை.

முருங்கைக்காயைப் பத்மாசினி சமைத்தாள். என்னால் சாப்பிட முடியவில்லை.

22.10.1985

அப்புக்காத்தரிடமிருந்து கடிதம். கொழும்பில் தெரிந்த ஒருவர்மூலம் சிமியோனின் பைலைப் பார்த்தாராம். என் வாக்குமூலத்தில் இப்படி இருக்கிறதாம்: ‘மேற்படி சாரதி நம்பத்தகாதவன், களவெடுக்கும் பழக்கமுள்ளவன் என்பதால் சாமான்களை அவனுக்கு மறைத்தே அனுப்புவது வழக்கம்.’ இது அவனுக்கு உதவாது என்று எழுதுகிறார். உதவாதாம்!

நான் அப்பிடிச் சொல்லேல்லை. கடவுளே, நான் அப்பிடிச் சொல்லவே இல்லை. — சொல்லேல்லையோ? ரெண்டு பில் எழுதுவிச்சது ஆர்? இவ்வளவு வருசமா ஒவ்வொரு பெட்டியிலும் அதைத்தானே சொல்லிக்கொண்டிருந்தனான். அவன் சிங்களத்திலை எழுதினான், அவ்வளவுதான்.

23.10.1985

வாக்குமூலத்தைத் திருத்தவேண்டும் என்று எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்பினேன்.

17.02.1986

பதிலில்லை. மூன்றாவது கடிதம் அனுப்பினேன்.

02.06.1986

ஹாஜியார் எழுதியிருக்கிறார். இப்போது சீனத்துக் கத்தி வருகிறதாம், பிளாஸ்ரிக் பிடி, தாய்வானிலும் பார்க்க மலிவு. ‘பழைய முறைப்படிதானே கட்டுவது?’ என்று கேட்கிறார். பாவம், அவர் நல்ல மனத்தோடு கேட்கிறார். ஒன்றும் வேண்டாம் என்று பதில் போட்டேன். இங்கே வாங்கவும் ஆளில்லை. போகவேண்டியவர்கள் போய்விட்டார்கள். மிச்சமானவர்கள் மண்ணெண்ணெய்க்கு வரிசையில் நிற்கிறார்கள்.

27.02.1987

இரண்டு வருடம். லூர்த்தம்மா இப்போது அடிக்கடி வருவதில்லை. சந்தையில் மீன் விற்கிறாள். அந்தப் பக்கம் போகாமல் சுற்றுவழியாக வீட்டுக்குப் போகப் பழகிவிட்டேன்.

14.08.1987

சமாதான ஒப்பந்தம் எழுதியபிறகு பிடித்த ஆட்களை விடுகிறார்களாம். பேப்பரில் பெயர்கள். இரண்டு தரம் வாசித்தேன், சிமியோன் இல்லை.

05.09.1987

விட்டுவிட்டார்கள். நேற்றுப் பின்னேரம் இளவாலைக்கு வந்துவிட்டானாம். நானே போய்ப் பார்க்கவேண்டும். சைக்கிளுக்குக் காற்றடித்து வைத்தேன்.

06.09.1987

போகவில்லை. மழைக்குணமாக இருந்தது.

09.09.1987

சிமியோன் வந்தான்.

முதலில் ஆளை மட்டுக்கட்ட முடியவில்லை. பாதி ஆளாகிவிட்டான். இடது காது கேட்காது போலிருக்கிறது, நான் பேசும்போது வலது பக்கத்தைத் திருப்புகிறான். கதிரையைக் காட்டினேன். “நீங்கள் இருங்கோ அண்ணை, நான் நிக்கிறன்” என்றான். ஒரு கோப்பை பிளேன்ரீ வந்தது. கையில் வைத்துக்கொண்டே நின்றான்.

“உங்கடை வாக்குமூலத்தை எனக்கு வாசிச்சுக் காட்டினவங்கள். தமிழிலை” என்றான்.

“நான் அப்பிடிச் சொல்லேல்லை சிமியோன். அது அவன் எழுதினது. எனக்குச் சிங்களம் தெரியாது. திருத்தச் சொல்லி மூண்டு கடிதம்—”

“ஓம். லூர்த்து சொன்னவள், நீங்கள் போனனீங்கள் எண்டு.” கையிலிருந்த கோப்பையைப் பார்த்தான். “கோப்பைக்குக் கீழை வைக்கச் சொன்னதும் அவங்களோ?”

“இல்லை. அது நான்தான்.”

“ஏன்?”

“எழுபத்தொன்பதிலை ரெண்டு டசின் களவு போனது. அதாலை…”

“எங்களுக்குப் பயந்தோ?”

“உனக்கில்லை சிமியோன். உன்னை நான் அப்பிடி நினைச்சதே இல்லை. அது பொதுவா வைச்ச முறை.”

“அந்த லொறியிலை நான்தானே அண்ணை வந்தனான்” என்றான்.

குரலை உயர்த்தவில்லை. உயர்த்தியிருக்கலாம், அடித்திருக்கலாம். ஒரு பெட்டிக் கரண்டி இருந்தது, “பிள்ளையளுக்குக் கொண்டுபோ” என்று நீட்டினேன். என்ன மடைத்தனம்! வேண்டாம் என்று தலையாட்டினான். குடிக்காத பிளேன்ரீயை மெதுவாக வைத்தான்.

போகத் திரும்பியவன் நின்றான். சேட்டுப் பைக்குள்ளும் காற்சட்டைப் பைகளுக்குள்ளும் இருந்ததையெல்லாம் ஒவ்வொன்றாக எடுத்துக் கண்ணாடிப் பெட்டியின் மேல் வைத்தான். ஒரு செபமாலை, பஸ் ரிக்கற், இரண்டு காசுக் குத்தி, ஒரு சீப்பு. பிறகு பைகளை வெளியே இழுத்துக் காட்டினான்.

“பாத்துக்கொள்ளுங்கோ அண்ணை.”

கோபத்தில் செய்தானா, அங்கே இருந்து வந்த பழக்கமா என்று முகத்தைப் பார்த்துச் சொல்லமுடியவில்லை. “எடு சிமியோன்” என்றேன். எனக்கே கேட்காத குரல். அவனுக்குக் கேட்டிருக்காது. நான் தலையாட்டும்வரை காத்துக்கொண்டு நின்றான். தலையாட்டினேன். செபமாலையையும் ரிக்கற்றையும் குத்தியையும் எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

சீப்பை விட்டுவிட்டான். கண்ணாடி மேலேயே கிடக்கிறது. இளவாலைக்கு இங்கிருந்து நாலைந்து மைல்தான். நாளைக்குக் கொண்டுபோய்க் கொடுக்கவேண்டும்.

போவேனா?