கீழாநெல்லியும் உன் படமும்

மேல் லயம்,
கொஸ்லந்த.

கொழும்பில் வீற்றிருந்து படமெடுக்கும் பேரரசி, என் மருமகள் துஷாந்தினிக்கு, ஊவா மாகாணத்தின் மழை, மூடுபனி, அட்டை அனைத்தையும் கட்டி ஆளும் உன் தாய்மாமன் தம்பையா எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம். நீயும் நேரத்துக்குச் சாப்பிட்டு, நேரத்துக்கு மாத்திரை போட்டு, சுகமாக இருக்க வேண்டும். போனில் பேசினால் உன் அம்மா பிடுங்கிக்கொள்வாள், அதனால்தான் கடிதம்.

நீ அனுப்பிய படத்தை அவள் பார்த்துவிட்டாள். தூக்கம் வராமல் நீ கேமராவோடு பேசிக்கொண்டிருக்கும் இடத்தில் அவள் வடித்த கண்ணீரைப் பார்த்து தியலும நீர்வீழ்ச்சியே வெட்கப்பட்டு நின்றுவிட்டது. அழுது முடித்து, படம் நல்லாத்தான் இருக்கு, ஆனால் தோட்டத்துச் சனங்களுக்குக் காட்டக் கூடாது என்றாள். அவள் சம்மதிக்காவிட்டால் அவள் வரும் இடங்களை வெட்டிவிடுவேன் என்று நீ சொல்லியிருந்தாய். அவளை வெட்டினால் மிச்சம் என்ன? சுவரும் ஜன்னலும் நான் பின்னால் இருமுகிற சத்தமும்தான்.

அவள் பயத்துக்குக் காரணம் உனக்குத் தெரியாது. உன்னைப் பதுளை ஆஸ்பத்திரியில் சேர்த்தபோது, மஞ்சள் காமாலை என்று லயத்து வீடுகளில் எல்லாம் சொல்லிவைத்தாள். நீ வீடு திரும்பியதும் பக்கத்துக் காம்பரா வீட்டுச் சரோஜினி காலையில் தவறாமல் கீழாநெல்லியோடு வந்து நின்றாள். முகத்தைச் சுளித்துக்கொண்டு நீ குடித்த பச்சைத் தண்ணீர் அதுதான். தோட்டத்துக் கீழாநெல்லி இனமே உன்னால் அழிந்தது.

அம்மாவின் மனதைத் திருப்ப நான் செய்த ராஜதந்திரத்தை ஐ.நா. சபை பார்த்திருந்தால் என்னைத் தூக்கிக்கொண்டு போயிருக்கும். ஒன்றும் பலிக்கவில்லை. என்ன நினைத்தாளோ, நேற்றுத் தேயிலைக் கொழுந்து நிறுத்து முடிந்ததும், கங்காணி உட்பட எல்லார் முன்னாலும் அவளாகவே சொன்னாள்:

"எம் மகளுக்கு வந்தது காமாலை இல்ல. மனநோய். இன்னமும் மருந்து எடுக்குறா. அதையே படமா எடுத்திருக்கா. கோயில் மண்டபத்துல போடப்போறோம், வாங்க."

சரோஜினிதான் முதலில் வாய் திறந்தாள்.

"தெரியும்க்கா. புள்ள கண்ணு மஞ்சளா இல்லன்னு எங்களுக்குத் தெரியாதா? வெறுங்கையோட வந்தா அவளப் பார்க்க விடமாட்டீங்கன்னுதான் அந்தத் தழையப் புடுங்கிட்டு வந்தேன்."

உன் அம்மா அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டாள். எழுப்பிக் கூட்டிவர இரண்டு பேர் தேவைப்பட்டார்கள்.

திரும்பும் வழியில் இன்னொருத்தி என் சட்டையைப் பிடித்து நிறுத்தினாள். தன் மகன் அறையை விட்டு வெளியே வருவதே இல்லையாம்; அவனும் வந்து படம் பார்க்கலாமா என்று கேட்டாள். அவள் பேரை நான் எழுதவில்லை. அதை அவள்தான் சொல்ல வேண்டும்.

ஆகவே ஒரு நொடியையும் வெட்டாதே. படத்தை மட்டும் அனுப்பாமல் நீயும் வா. ரயிலில் வருகையில் மனசு இருட்டிக்கொண்டு வந்தால், எந்த ஸ்டேஷனாக இருந்தாலும் இறங்கி எனக்கு ஒரு போன் கோல் எடு. நான் வந்து கூட்டிக்கொள்கிறேன். படத்தை இன்னொரு நாள் போடலாம்.

நம் சாமிகள் எல்லாம் உன் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து வரட்டும்.

உன் மாமன்,
தம்பையா