சேற்றுக் கால்கள்

ராயபுரம்
ஆகஸ்டு 1951

அன்புள்ள அத்தானுக்கு,

போட்டோ வந்தது. உங்கள் கப்பல் ரிப்பேர் முடியும்வரை மெல்போர்ன் கிளப்பில் அந்த ஊர் ஃபுட்பாலான முட்டைப் பந்து ஆடுகிறீர்கள் என்று தெருவெல்லாம் சொல்லி வைத்திருக்கிறேனே, ஆளாளுக்கு வந்து வாங்கிப் பார்க்கிறார்கள்.

உங்கள் ஹார்பர் டீம் கோல்கீப்பர் வரதன்தான், "இன்னா அண்ணி, இங்க காலுல துணி சுத்திகினு ஆடுன அண்ணன், அங்க பூட்ஸ் மாட்டிகினு நின்னுகினு கீது பாரு!" என்று சிரித்தான். நானும் சிரித்தேன்.

அங்கே குளிர் அதிகமா? பாப்பாவுக்குப் பல் முளைத்துவிட்டது.

ஆட்டம் முடிந்ததும் எடுத்த படம் என்று எழுதியிருக்கிறீர்கள். மற்றவர்கள் எல்லோரும் இடுப்புவரை சேறாக நிற்கிறார்கள். உங்கள் சட்டை மட்டும் கடையில் மடித்து வைத்தது போல இருக்கிறது. கல்யாணமான நாளிலிருந்து உங்கள் சட்டையைத் துவைத்தவள் நான். ஒருநாளாவது ஆடிவிட்டுச் சுத்தமாக வீடு வந்திருக்கிறீர்களா?

வரதன் இதைக் கவனிக்கவில்லை. வேறு யாராவது கவனித்துக் கேட்டுவிடுவார்களோ என்று படத்தைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டேன். அதிலிருந்து ஒரு வேலையும் ஓடவில்லை.

ஹார்பர் டீமில் உங்கள் இடத்துக்கு இன்னும் ஆள் எடுக்கவில்லையாம்.

நீங்கள் இங்கே விட்டுப்போன, காலில் சுற்றும் துணியை இன்று துவைத்துக் காயப்போட்டேன். அதில் அழுக்கே இல்லை.

உங்கள் வீட்டுக்காரி