வேணும், வேணாம்

மார்ச் 4
வார்டு பொறுப்பு என்னிடம் வந்ததிலிருந்து எரிச்சல்தான். புது நர்ஸ் நோயாளி விவரம் சொன்னால் பாதி காதில் விழுவதில்லை. அவளுக்கு 'முணுமுணு' என்றே பேர் வைத்துவிட்டேன். "வாயைத் திறந்தா முத்து உதிர்ந்துடுமா?" என்றேன் இன்று. எல்லாரும் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை.

மார்ச் 5
"டிவி பக்கத்து வீட்டுக்கும் சேர்த்தா?" என்கிறார் இவர். அவ்வளவு சத்தமா?

மார்ச் 9
தங்கையின் போன் பாதியில் கட்டாகிவிட்டது என்று நினைத்தேன். வலது காதுக்கு மாற்றினால் பேசிக்கொண்டே இருக்கிறாள்.
முணுமுணு எப்போதும் என் இடப்பக்கம்தான் நிற்பாள்.

மார்ச் 12
வேறு ஆஸ்பத்திரியில் காட்டினேன். இடது காது நரம்புக் கோளாறாம், மெஷின் வைக்கணுமாம். வார்டில் மூச்சு விடமாட்டேன். இந்தப் பொறுப்பின் மேல் எத்தனை பேர் கண்!

மார்ச் 17
வார்டில் ஒரு பெரியவருக்கு, ரத்தம் உறையாமல் இருக்கப் போடும் ஊசி பற்றி டாக்டர் போனில் சொன்னார். வலது கையில் பேனா, போன் பழக்கத்தில் இடது காதுக்குப் போய்விட்டது. 'வேணும்' என்றுதான் விழுந்தது. திரும்பக் கேட்க வெட்கம்.
"நாளைக்கு ஆபரேஷனாச்சே அக்கா, இன்னிக்கு எதுக்கு இந்த ஊசி?" என்றாள் முணுமுணு.
"சொன்னதைச் செய்!"
செய்யவில்லை. அவளே டாக்டரைக் கூப்பிட்டாள்.
அவர் சொன்னது வேணாம். ஐயோ, அந்தப் பெரியவருக்கு ஏதாவது ஆகியிருந்தா? நானெல்லாம் ஒரு பொறுப்பு!

மார்ச் 18
சொன்னால் மானம் போகும். சொல்லாவிட்டால் — மானம் மட்டுமா போகும்?

மார்ச் 19
மேட்ரனிடம் சொன்னேன். மெஷின் வரும்வரை போன் உத்தரவுகளை நான் வாங்கக் கூடாது. பொறுப்பு இப்போதைக்கு என்னிடமே இருக்கட்டும் என்றார்.
பிறகு வார்டில். "எனக்கு இடது காது கேக்காது. உங்க மேல தப்பில்ல."
"அதான் நான் லீவு கேட்டதெல்லாம் விழலையா!" என்றார் வார்டு ஆயா. சிரிப்பு.
அவள் மட்டும், "எல்லார் முன்னாடியும் திட்டினீங்க, அக்கா" என்றாள். மன்னிப்புக் கேட்டேன். மருந்துத் தட்டை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். மனசு ஆறவில்லை.

ஏப்ரல் 6
மெஷின் வந்துவிட்டது. தட்டு விழுந்தால் இடி. என்னைப் பற்றிக் கிசுகிசுப்பதும் சேர்ந்து கேட்கிறது.

ஏப்ரல் 21
அடுத்த மாத ட்யூட்டி போட்டு எல்லாருக்கும் வாசித்தேன். அவள் எழுந்து, கணீரென்று, "ஒருத்தருக்கே நைட்டா போட்டிருக்கீங்க. இது நியாயமில்லக்கா" என்றாள்.
சுருக்கென்றது. பதிலுக்கு ஏதோ வாய்வரை வந்தது. விழுங்கிவிட்டுத் தாளை அவள் பக்கம் திருப்பினேன்.
நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்தாள்.