அக்காவுக்குச் சம்மதம்தான்

மார்ச் 3

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். எங்கள் பாட்டுக் குழுவுக்கு 'சாக்கடைப் பசங்க' என்று பெயர் வைத்திருக்கிறோம். திட்டாதே. பள்ளிக்கூடத்தில் நம் தெருப் பிள்ளைகளை அப்படிச் சொல்லித்தானே விரட்டினார்கள்? இப்போது நாங்களே மேடையேறிச் சொல்கிறோம். இனி அதை வைத்து எவனும் நம்மைக் குத்த முடியாது.

இழிசொல் என்று பதிவு அலுவலகத்தில் பெயரை மறுத்துவிட்டார்கள். வழக்குப் போட்டிருக்கிறோம். வக்கீல் காசே வாங்கவில்லை. உனக்கு வருத்தமில்லை என்று நீயும் கோர்ட்டுக்கு வந்து ஒரு வார்த்தை சொன்னால் போதும்.

உன் தம்பி

மார்ச் 11

தம்பிக்கு,

சலவைக் கூடத்தில் வேலைக்கு நடுவே பெயரைப் படித்ததும் இஸ்திரிப் பெட்டியை ஓரமாக வைத்துவிட்டேன். ஆஸ்பத்திரிப் போர்வை கருகாமல் தப்பித்தது.

அம்மா சாக்கடை அள்ளிவிட்டு வரும்போது அந்தச் சொல் காதில் விழாமலிருக்கச் சுற்றுவழியில் நடப்பாள். உன் கோபம் எனக்குப் புரிகிறது. ஆனால் உங்கள் குழுவில் முன்னால் நின்று பாடுகிறவன் நம் தெருவா? அவன் எதற்கு அதை வாய் நிறையச் சொல்கிறான்? காசு வாங்காத வக்கீல் என்றாலே எனக்கு நம்பிக்கை வராது. அவர் இதற்கு முன் யாருக்காக வாதாடினார் என்று விசாரி.

நேரத்துக்குச் சாப்பிடு.

அக்கா

மார்ச் 20

அன்புள்ள அக்காவுக்கு,

உனக்கு எதிலும் சந்தேகம். விசாரித்தேன். நம் தெருவைக் கேவலமாக எழுதி அபராதம் கட்டிய பத்திரிகைக்கும் அவர்தான் வக்கீல். நேரிலேயே கேட்டேன். "யார் பேசினாலும் தடை இருக்கக் கூடாது தம்பி, அவ்வளவுதான்" என்று சிரித்தார். எனக்கும் உறுத்தத்தான் செய்தது. ஆனால் விட்டுக்கொடுத்தால், நம்மை நாம் எப்படி அழைப்பது என்பதை ஓர் அதிகாரி முடிவு செய்வார். அது மட்டும் சரியா?

நீ வர வேண்டாம். அக்காவுக்கும் சம்மதம்தான் என்று கோர்ட்டில் நானே சொல்லிவிட்டேன். கோபிக்காதே.

தம்பி

மே 9

தம்பிக்கு,

ஜெயித்துவிட்டீர்களாம். சலவைக் கூடத்து டிவியில் காட்டினார்கள், நீ என்னைப் பற்றிக் கோர்ட்டில் சொன்னதையும் சேர்த்து.

மறுநாள் மேற்பார்வையாளர் என்னை அந்தச் சொல்லால் கூப்பிட்டார். புகார் கொடுப்பேன் என்றேன். "உனக்கு வருத்தம் இல்லைன்னு உன் தம்பியே கோர்ட்ல சொல்லிட்டானே" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். எனக்கு அழுகை வந்தது.

அதிகாரி உன் வாயை மூடுவது தப்பு என்று சொல்ல உன் பக்கம் நின்றிருப்பேன். ஆனால் என் பெயரில் சம்மதம் சொல்லும் முன் நீ என்னைக் கேட்டிருக்கலாம்.

இன்று புகார் கொடுத்துவிட்டேன். 'என் தம்பி கோர்ட்டில் சொன்னது பொய்' என்றுதான் தொடங்கியிருக்கிறேன். அதனால் நீங்கள் ஜெயித்த வழக்கே கவிழ்ந்தாலும் கவிழட்டும்.

அக்கா