ஸ்கோரைச் சொல்லிடாதே

மார்ச் 3

இவருடைய ஒன்றுவிட்ட மாமா இன்று சாயங்காலம் தவறிவிட்டார். விஷயம் தெரிந்ததும் இவருக்குப் போன் போட்டேன். நீரேற்று நிலையத்து மோட்டார் சத்தத்துக்கு நடுவே எடுத்தார். நான் வாயைத் திறப்பதற்குள், "ஸ்கோரைச் சொல்லிடாதே" என்றார்.

"மாமா போயிட்டார்" என்றேன்.

"அப்பாடா" என்றார். உடனே, "ஐயோ, நான் அதைச் சொல்லலை."

இந்த மனுஷரோடு இத்தனை வருஷம் குடித்தனம் பண்ணியதற்கு எனக்குத்தான் ஒரு கோப்பை கொடுக்க வேண்டும். மேட்ச் எல்லாம் சாயங்காலம். இவருக்கு டியூட்டியும் சாயங்காலம். அதனால் மறுநாள் காலையில் ரீப்ளே தேடிப் பார்ப்பார். அதுவரை முடிவு காதில் விழக்கூடாது. மளிகைக்கடைக்காரர், மாடிவீட்டுக்காரர், பஸ் கண்டக்டர் எல்லாரையும் பழக்கி வைத்திருக்கிறார். பார்ப்பதும் பிளேஆஃபின் கடைசி ஆட்டம் மட்டும்தான். கால்பந்தோ வாலிபாலோ, "தோத்தா வீட்டுக்கு"ன்னு ஆடுறதுதான் ஆட்டமாம். மற்றதெல்லாம் உடற்பயிற்சியாம்.

டிவிக்கு மேலே ஒரு கறுப்பு டேப், கீழே ஒரு கறுப்பு டேப். மேலே தலைப்பு தெரியக்கூடாது, எவனாவது 'கண்ணீர்' என்று எழுதியிருப்பான். கீழே நீளம் தெரியக்கூடாது, நீளமான வீடியோ என்றால் கடைசிவரை இழுத்திருக்கிறது என்று தெரிந்துவிடும். வேற்று மொழிப் படம் போட்டால் கீழே வருகிற எழுத்தும் போச்சு. யார் யாரைக் கொன்றார்கள் என்று இந்த வீட்டில் யாருக்கும் தெரியாது.

மார்ச் 7

வாண்டு மெசேஜ் அனுப்பியிருக்கிறாள். "பைனலுக்கு வந்துட்டோம். 16ஆம் தேதி." அவ்வளவுதான். எப்போ ஆடினே, யாரை ஜெயிச்சே, சாப்பிட்டியா, ஒன்றும் கிடையாது.

வாண்டு என்றால் என் மகள். இருபது வயசு. கணக்குப் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு, வேறு ஊரில் ஒரு வாடகை வீட்டில் நாலு பேரோடு உட்கார்ந்து கம்ப்யூட்டர் கேம் ஆடுகிறாள். அதற்கு டீம், கோச், சட்டையில் பெயர், எல்லாம் உண்டு. போகும்போது அவளே ஒரு ஒப்பந்தம் சொன்னாள். "இந்தப் பிளேஆஃப்ல கப் ஜெயிச்சா இன்னொரு வருஷம் ஆடுவேன். இல்லைன்னா வீட்டுக்கு வந்து மிச்சப் படிப்பை முடிக்கிறேன்." நான் சரி என்று சொன்ன வேகத்தைப் பார்த்து இவரே திரும்பிப் பார்த்தார்.

பின்னே? முதல் சுற்றிலேயே மூட்டை கட்டிவிடுவாள் என்று நினைத்தேன். இப்போது பைனலாம்.

மார்ச் 10

வாண்டுவின் அறையை ஒழித்தேன். சும்மாதான். தூசி.

மார்ச் 14

ஜெயிக்கணும்னு வேண்டிக்கிறதா, தோக்கணும்னு வேண்டிக்கிறதா? பெற்ற பெண் தோற்க வேண்டும் என்று ஒரு தாய் வேண்டினால் கடவுள் என்னைப் பற்றி என்ன நினைப்பார்? ஒன்றும் வேண்டிக்கொள்ளவில்லை. அவருக்கும் ஒருநாள் லீவு.

ஆனால் மனசுக்குள் என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியும். அவள் வரவேண்டும். அந்த அறையில் விளக்கு எரிய வேண்டும். அதற்கு அவள் தோற்றால்தான் உண்டு.

மார்ச் 16

பைனல் நாள். இவர் மோட்டாரோடு. நான் பல் செட் செய்கிற லேபில்.

நாளைக் காலை கோர்ட்டில் பேச வேண்டிய வக்கீல் ஒருவர் பல் செட்டைக் கழுவும்போது கீழே போட்டு இரண்டாக்கிவிட்டார். டாக்டர் அதைத் தூக்கிக்கொண்டு வந்து, "எப்படியாவது" என்றார். பல் செட் செய்கிறவளுக்கு வாழ்க்கையில் அதிகம் கேட்ட வார்த்தை அதுதான்.

எதிர் மேஜை மெழுகுக்காரர் போனில் பைனலைப் பார்த்துக்கொண்டிருந்தார். மெழுகில் பல் அடுக்குவது அவர் வேலை, ஊர் உலகத்து ஆட்டமெல்லாம் பார்ப்பது அவர் தொழில். "உங்க பொண்ணு..." என்று ஆரம்பித்தார். "வாயைத் திறந்தீங்கன்னா இந்த பிளாஸ்டரை அதுலதான் ஊத்துவேன்" என்றேன். இவருடைய வியாதி எனக்கும் தொற்றிவிட்டது. காதில் பஞ்சு வைத்துக்கொண்டேன்.

கண்ணில் வைக்க முடியவில்லையே. வக்கீலின் செட்டை ஒட்டி, தேய்த்து, பாலிஷ் போடும்வரை மெழுகுக்காரர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். சோகமாக இருந்தது. ஆனால் அவர் முகம் சம்பள நாளிலும் அப்படித்தான் இருக்கும்.

மார்ச் 17

எனக்கு வார லீவு. காலையிலேயே ரீப்ளே வேட்டை ஆரம்பித்தோம்.

இவர் ஒரு கையால் ரிமோட்டைப் பிடித்து, இன்னொரு கையால் திரையில் வருகிற படங்களை மறைத்தார். எதிலாவது அழுகிற மூஞ்சி இருந்தால் தெரிந்துவிடுமாம். "கண்ணை மூடிக்கோ" என்றார். மூடிக்கொண்டேன். என் பெண் ஆடிய ஆட்டத்தைப் பார்க்க நான் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்.

முதலில் கிடைத்தது யாரோ ஒருவன் தன் அறையில் தனியாக ஆடியது. அடுத்தது வெறும் கறுப்புத் திரையும் பாட்டும். மூன்றாவதில் பேசியவர்கள் பேசிய பாஷை எங்கள் இரண்டு பேருக்கும் விளங்கவில்லை, ஆனால் ரொம்ப உணர்ச்சியாகப் பேசினார்கள். நாலாவதில் வாண்டு தெரிந்தாள். நீலச் சட்டை, தலையில் ஹெட்போன். எதிரே சிவப்புச் சட்டை டீம். "இதான், இதான்" என்றார் இவர். "பைனல் சிவப்புச் சட்டைக்காரங்களோடதான்னு நோட்டீஸ்ல போட்டிருந்தது."

ஆட்டம் எனக்குப் புரியாது என்று நினைத்திருந்தேன். அப்படி ஒன்றும் கம்பசூத்திரம் இல்லை. ஐந்து பேர், எதிரே ஐந்து பேர், அவன் கோட்டையை உடைக்க வேண்டும். வாண்டுவின் பொம்மை கையில் பெரிய கேடயம். மற்ற நாலு பேருக்கும் அடி விழாமல் நடுவில் போய் நிற்பதுதான் அவள் வேலை. வீட்டில் சாப்பிட்ட தட்டை நகர்த்தமாட்டாள். அங்கே நாலு பேரைக் காப்பாற்றுகிறாள்.

ஐந்தில் மூன்று ஜெயிக்க வேண்டுமாம். முதல் ஆட்டம் கைவிட்டுப் போனது. இரண்டாவது கைக்கு வந்தது. மூன்றாவது போனது. நான் பாதியில் எழுந்துபோய் அடுப்பை அணைத்துவிட்டு வந்தேன், அடுப்பில் ஒன்றும் இல்லை என்பது அப்போதுதான் தெரிந்தது. நாலாவது வந்தது. இரண்டுக்கு இரண்டு.

ஐந்தாவதில் இவள் பக்கம் மூன்று பேர் விழுந்துவிட்டார்கள். சிவப்புச் சட்டைக்காரர்கள் கோட்டை வாசலுக்கே வந்துவிட்டார்கள். வாண்டு ஒருத்தி, பின்னால் ஒரு பையன். கேடயத்தைத் தூக்கிக்கொண்டு வாசலில் நின்றாள். நகரவே இல்லை. திரை ஓரத்தில் அவள் முகத்தைக் காட்டினார்கள். கீழுதட்டைக் கடித்துக்கொண்டிருந்தாள், சின்ன வயசில் ஊசி போடும்போது கடிப்பாளே அப்படி.

"விடாதே, விடாதேடி" என்று யாரோ கத்தினார்கள். நான்தான்.

ஜெயித்துவிட்டாள். ஐந்து பேரும் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள். வீடியோ அங்கேயே முடிந்துவிட்டது. "கப் குடுக்கறதை வெட்டிட்டானுங்க, பாவிங்க" என்றார் இவர், கண்ணைத் துடைத்துக்கொண்டு.

உடனே வாண்டுவுக்குப் போன் செய்தேன்.

"ஜெயிச்சுட்டியே" என்றேன்.

"எதைம்மா சொல்றே?" என்றாள்.

"அந்தச் சிவப்புச் சட்டைப் பசங்க வாசல் வரைக்கும் வந்தப்போ தனியா நின்னியே, அப்போ எனக்கு உசுரே இல்லை."

"நீ அதைப் பாத்தியாம்மா?"

"முழுசா பாத்தேன். ஒப்பந்தமாவது மண்ணாவது. நீ ஆடு. ஒரு வருஷமோ ரெண்டு வருஷமோ ஆடு. படிப்பு எங்க ஓடிப்போகுது?"

அழுதாள். "அம்மா..." என்றாள். அப்புறம், "நான் பிறகு பேசறேன்" என்று வைத்துவிட்டாள். சந்தோஷத்தில் வார்த்தை வரவில்லை, பாவம்.

மார்ச் 18

லேபில் எல்லோருக்கும் சாக்லேட் கொடுத்தேன். மெழுகுக்காரர் ஒன்றை எடுத்துப் பிரித்து, வாயில் போட்டு, ரொம்ப நேரம் மென்றார்.

"பெரிய மனசுங்க உங்களுக்கு" என்றார். "தோத்ததுக்கு யாரும் சாக்லேட் குடுத்து நான் பாத்ததில்லை."

பிறகு அவரே பொறுமையாக விளக்கினார். அந்தச் சிவப்புச் சட்டைக்காரர்களோடு வாண்டு டீம் இரண்டு தடவை ஆடியிருக்கிறது. முதல் தடவை ஜெயித்துத்தான் பைனலுக்கே போனார்கள். ஆனால் இந்தப் போட்டியில் ஒருதடவை தோற்றவர்களுக்கு இன்னொரு வாய்ப்பு உண்டாம். சிவப்புச் சட்டைக்காரர்கள் மற்றவர்களை ஜெயித்துச் சுற்றி வந்து, பைனலில் மறுபடி எதிரே உட்கார்ந்து, மூன்றுக்குப் பூஜ்ஜியம் என்று மடித்துவிட்டார்கள். நாங்கள் பார்த்தது அந்த முதல் தடவை ஆடியது. தேதி, தலைப்பு எல்லாம் போட்டுத்தான் இருந்திருக்கிறது. டேப்புக்கு அடியில்.

இவருக்குப் போன் செய்து சொன்னேன். "மூணு ஜீரோ" என்றதும் வள்ளென்று விழுந்தார்.

"ஸ்கோரை ஏன்டி சொன்னே?"

மார்ச் 19

நான் கேட்டது கிடைத்துவிட்டது. தோற்றுவிட்டாள். வரப்போகிறாள். அப்புறம் ஏன் அவள் அறைப் பக்கம் போகவே பிடிக்கவில்லை?

தோத்துட்டு உட்கார்ந்திருக்கிற புள்ளைக்குப் போன் பண்ணி ஜெயிச்சுட்டியேன்னு கூத்தாடியிருக்கேன். என்ன பாடு பட்டிருப்பா? ஏன் அவ ஒரு வார்த்தை சொல்லலை? ஆடுன்னு நான் சொன்னதைப் பிடிச்சுக்கிட்டாளா? பிடிச்சுக்கிட்டாதான் என்ன?

போனை எடுத்தேன். வைத்தேன்.

மார்ச் 22

வந்துவிட்டாள். கதவைத் திறந்தால் இரண்டு பை, ஒரு கம்ப்யூட்டர் பெட்டி. உட்காரக்கூட இல்லை, நின்றபடியே சொன்னாள்.

"நீ பாத்தது வேற மேட்ச். பைனல்ல தோத்துட்டோம்."

"தெரியும்."

"அன்னிக்கே சொல்லியிருக்கணும். வாய் வரலை. நான் ஆடுறதைப் பத்தி நீ அப்படிப் பேசி நான் கேட்டதே இல்லை. இன்னும் கொஞ்ச நேரம் கேக்கலாம்னு இருந்துட்டேன்." மூக்கை உறிஞ்சினாள். "ஆனா பேச்சுன்னா பேச்சு. காலேஜுக்கு எப்போ போகணும்?"

ஒரு வருஷமாக இந்தக் கேள்விக்குத்தான் காத்திருந்தேன். எனக்குக் கோபம்தான் வந்தது. "முதல்ல கையைக் கழுவிட்டு வந்து சாப்பிடு. வந்ததும் வராததுமா கேள்வி கேக்கறா" என்று கத்திவிட்டு உள்ளே போய்விட்டேன்.

மார்ச் 24

உண்மையான பைனலை அவளையே தேடித் தரச் சொன்னேன். "எதுக்கும்மா, அசிங்கமா தோத்தோம்" என்றாள். "அசிங்கத்தையும் பாக்கறேன்" என்றேன். இவர் நடுவில் உட்கார்ந்துகொண்டார். ஸ்கோர் தெரிந்து ஒரு மேட்ச் பார்ப்பது இதுதான் அவருக்கு முதல் தடவை. தெரிந்தும் மூன்றாவது ஆட்டத்தில், "இங்க பிடிச்சுட்டா போதும், திருப்பிடலாம்" என்றார். வாண்டு அவரை அனுதாபத்தோடு பார்த்தாள்.

மூன்றாவது ஆட்டத்தில் ஓர் இடம். கேடயத்தோடு நிற்க வேண்டியவள் திடீரென்று முன்னால் ஓடினாள். பின்னால் இருந்த நாலு பேரும் வரிசையாக விழுந்தார்கள்.

"அங்க ஏன் ஓடினே?"

"பயம். சும்மா நிக்க முடியலை."

"அடுத்த தடவை அந்த இடத்துல என்ன பண்ணுவே?"

"இடது பக்கம் ஒதுங்கி ரெண்டு செகண்ட் காத்திருப்பேன். அவன் ஆயுதம் காலியாயிடும், அப்புறம்..." என்று கையை ஆட்டி வேகமாகச் சொல்லிக்கொண்டே போனவள் சட்டென்று நிறுத்தினாள். என்னைப் பார்த்தாள். இவரும் என்னைப் பார்த்தார்.

"என்ன பாக்கறீங்க ரெண்டு பேரும்? கேள்விதானே கேட்டேன்" என்றேன்.

மார்ச் 29

கிளம்பிவிட்டாள். போ என்று நான்தான் சொன்னேன். படிப்பை அங்கிருந்தே தபாலில் முடிக்கிறேன் என்றாள். முடிப்பாள் என்று நம்பவில்லை, நம்புவதாகச் சொன்னேன். பஸ் ஸ்டாண்டில் புது ஒப்பந்தம் போட்டேன். "ஜெயிச்சா வீட்டுக்கு வரணும். பத்து நாள் இருக்கணும்." இந்தத் தடவை நானே யோசித்துப் போட்டது. இனி அவள் ஜெயிக்க வேண்டும் என்று மனசாரக் கேட்கலாம்.

பஸ் போன பிறகு, "நல்லா மடக்கிட்டே" என்றார் இவர்.

மே 5

மெழுகுக்காரர் எனக்கு ஆட்ட நுணுக்கம் சொல்லித் தருகிறார். பதிலுக்கு அவருடைய பாலிஷ் வேலையையும் நான் செய்கிறேன். ஏமாறுவது யார் என்று தெரிகிறது. பரவாயில்லை.

ஜூலை 19

அடுத்த பிளேஆஃப் பைனல். வருஷத்துக்கு இரண்டு உண்டாம். இவர் டியூட்டி மாற்றிக்கொண்டார், நான் லீவு போட்டேன். நேரடியாகப் பார்த்தோம். இவருக்கு ஓடுகிற ஆட்டத்தைப் பார்த்துப் பழக்கமே இல்லை. "கொஞ்சம் நிறுத்தேன், தண்ணி குடிச்சுட்டு வரேன்" என்கிறார்.

ஐந்தாவது ஆட்டம் வரை போனது. இந்தத் தடவை வாண்டு எங்கேயும் ஓடவில்லை, நின்றாள். இருந்தும் தோற்றார்கள். கப் இல்லை, வீட்டுக்கு வருவதும் இல்லை. இவர் டிவியை அணைத்தார்.

கொஞ்ச நேரம் கழித்துப் போன் வந்தது.

"பாத்தியாம்மா?"

"பாத்தேன். நல்லா நின்னே."

"ஜெயிச்சாத்தானே வரணும்னு பேச்சு" என்றாள். "சும்மா வரலாமா?"

"வா" என்றேன். பிறகு, "எத்தனை நாள்?"

"நாலு நாள். அப்புறம் பிராக்டிஸ் இருக்கு."

நாலு நாள் போதும் என்று சொன்னேன். போதாதுதான்.