பாகு மருந்து குடிக்காத நாட்கள்

நாள் 1. காலை 8.10
நிலவின் தென்துருவப் பள்ளம், பனி வெட்டும் நிலையம். காற்றழுத்தம் சரி. தண்ணீர்த் தொட்டி முக்கால். எழுதுபவன் சூசை மிக்கேல், வெல்டர், தூத்துக்குடி, வயது ஐம்பத்திரண்டு. படிப்பு ஐந்தாம் வகுப்பு, அதிலும் பாதி நாள் கடற்கரையில். இதைக் கண்டெடுத்துப் பிழை பார்க்கிற மகாராசன் முதலில் இங்கே வந்து ஒரு நாள் பனி வெட்டிப் பார்க்கட்டும்.

எரிபொருள் குழாய் கசிந்தபோது அடைக்கப் போனவன் நான். அந்த ஆவி என் கல்லீரலைத் தின்றுவிட்டதாம். மற்ற நால்வரும் போன கப்பலில் ஏறிவிட்டார்கள். ராக்கெட் கிளம்பும் அதிர்வு எனக்கு ஆகாது என்பதால் டாக்டர் ஹஸீனா என்னோடு தங்கிவிட்டார். காயல்பட்டினத்துக்காரர். அதிர்வு குறைந்த நோயாளிக் கப்பல் பத்தாம் நாள் வருகிறது. அதுவரை உயிரோடு இருப்பதுதான் என் வேலை. சம்பளம் உண்டா தெரியவில்லை.

நாள் 2. காலை 9.00
மருந்து: இனிப்புப் பாகு, முப்பது மில்லி, மூன்று வேளை. குடித்தால் கழிவறையிலேயே குடித்தனம். கல்லீரல் வடிகட்டாமல் விட்ட நஞ்சு மூளைக்கு ஏறுமாம், அதை வயிற்று வழியாகத் தள்ளிவிடத்தான் பாகாம். தலைக்கு மருந்து கேட்டால் வயிற்றைக் கலக்குகிறார்கள். போன வாரம் டாக்டர் தேநீரில் மிளகாய்த்தூள் போட்டது நான்தான். பழி வாங்குகிறார். நல்ல ஆட்டம்.

நாள் 3. மதியம் 1.20
பாகைக் கழிவுநீர்க் குழாயில் ஊற்றினேன். இனி குழாய்க்குப் போகட்டும்.

வானொலி, ஆய்வறையிலிருந்து டாக்டர்: “அண்ணாச்சி, இன்னைக்கு எத்தன தடவ போனீய?”
நான்: “நாலு தடவம்மா. இன்னும் ஒண்ணு போனா குடலே வந்துரும்.”
டாக்டர்: “அல்ஹம்துலில்லாஹ். நாலு போதும்.”

என் கழிவறைக் கணக்குக்கு இறைவனைப் புகழ்ந்த முதல் ஆள் இவர்தான்.

நாள் 5. காலை 10.40
இரண்டு நாளாகப் பகலெல்லாம் தூக்கம், மற்ற நேரம் முழிப்பு. டாக்டர் சோதனை வைத்தார். பஸ்ஸை நிறுத்துகிற மாதிரி இரண்டு கையையும் நீட்டச் சொன்னார். நீட்டினேன். கை தானாக மடிந்து மடிந்து எழுந்தது, காக்கா சிறகு மாதிரி. சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

வெல்டிங் ராடுகளை நட்சத்திரமாக அடுக்கச் சொன்னார். இருபத்தெட்டு வருடம் ராடு பிடித்த கை. வரவில்லை. நூறிலிருந்து ஏழு ஏழாகக் கழிக்கச் சொன்னார். தொண்ணூற்று மூன்று. பிறகு இருட்டு.

எனக்குப் புரிந்துவிட்டது. ஐந்தாம் வகுப்புக்காரனை உட்காரவைத்துக் கணக்குக் கேட்டால் என்ன அர்த்தம்? இதைவிட முகத்தில் துப்பியிருக்கலாம். பாகின் அளவைக் கூட்டியிருக்கிறார். நானும் ஊற்றுகிற அளவைக் கூட்டினேன்.

நாள் 7. மாலை 4
தண்ணீர் எவ்வளவு பார்க்கவில்லை. என் வாயில் ஏதோ அழுகின வாடை. அவள்தான் எதையோ கலக்குகிறாள். சாப்பாட்டிலும் இருக்கும். தட்டை அவள் காலடியில் எறிந்தேன். கெட்ட வார்த்தை சொன்னேன், நம் துறைமுகத்தில் கூடச் சொல்லாதது. அழுதுகொண்டே சோற்றைப் பொறுக்கினாள். நடிப்பு. நடிப்பு. நீட்டின கரண்டியைத் தட்டிவிட்டேன்.

நாள் 8. காலை 11.05
வெளியே போனாள். கப்பல் இறங்க வழிகாட்டும் விளக்கில் தூசு படிந்திருக்கிறதாம், துடைக்க வேண்டுமாம். போகட்டும். வெளிக்கதவுக்கு உள்தாழ் போட்டேன். சிவப்புக் கம்பி. இந்தத் தாழை வெளியிலிருந்து எவனாலும் திறக்க முடியாது. வெல்டு வைத்தது நான்.

11.50
வானொலி: “அண்ணாச்சி, கதவு தொறக்கல. தாழ் போட்டிருக்கீயளா? போதும் உங்க சேட்ட. தொறங்க.”
சிரிக்கிறாள். நான் விளையாடுகிறேன் என்று நினைக்கிறாள்.

11.58
“நெசமாவே தொறக்கணும். காத்து இருவது நிமிசத்துக்குத்தான் இருக்கு.”
நான்: “நீ யாரு?”
“என்ன யாருன்னு கேக்கீய? ஹஸீனா. அண்ணாச்சி... உண்மையச் சொல்லுங்க. பாகு குடிச்சீயளா?”
பார்த்தீர்களா. பாகுதான் அதற்கு வேண்டும். வெள்ளை உடுப்புக்குள் இருப்பது டாக்டர் இல்லை. கதவு ஜன்னல் வழியாகப் பார்த்தேன், தலைக்கவசக் கண்ணாடியில் என் முகம்தான் தெரிகிறது. திருட்டு நாய்.

12.09
“உங்க மேல கோவம் இல்ல. இது நோவு, நீங்க இல்ல. செவப்புக் கம்பியப் பாருங்க. அத மேல தூக்குனாப் போதும். வேற ஒண்ணும் வேண்டாம். அண்ணாச்சி, எம் பிள்ளைக்கு ஆறு வயசுதான் ஆவுது.”
நான்: “கணக்குச் சொல்லு. நூத்துல ஏழு போனா?”
“தொண்ணூத்து மூணு. எம்பத்தாறு. எழுவத்தொம்பது. எழுவத்திரெண்டு. தொறங்கண்ணே. அறுவத்தஞ்சு.”
படித்த திமிர். வானொலியை அணைத்தேன்.

12.30
கதவில் தட்டல் நின்றது. நான் ஜெயித்தேன்.

நாள் 9. காலை. மணி தெரியவில்லை, முள் இரண்டிரண்டாக இருக்கிறது
தூங்கி எழுந்தேன். தலை கொஞ்சம் தெளிவு. பசி. டாக்டரம்மாவைக் காணோம். ஆய்வறையில் இல்லை. படுக்கை கலையாமல் கிடக்கிறது. வானொலி ஏன் அணைந்திருக்கிறது? போட்டுக் கூப்பிட்டேன். பதில் இல்லை. வெளியே போகும் உடுப்பு ஒன்று குறைகிறது.

வெளியே போயிருக்கிறார். கதவுக்குப் போனேன். உள்தாழ் போட்டிருக்கிறது. வெளியே ஆள் இருக்கும்போது எந்த மடையன் தாழ் போட்டான்? அவன் கையை வெட்ட வேண்டும். அம்மா எப்படி உள்ளே வருவார்?

கம்பியைத் தூக்கப் பார்க்கிறேன். கை நிற்கமாட்டேன் என்கிறது. பிடித்தால் விட்டுவிடுகிறது. பிடித்தால் வி

அவனைத் தேடுகிறேன். எல்லா அறையும் பார்த்தாயிற்று. எவனும் இல்லை. நான் மட்டும்தா