கோட்டுக்கு அந்தப் பக்கம்

மார்ச் 4, புதன்

பௌர்ணமி போய் ஒரு நாள் ஆகிறது. மழை ஒரு துளி இல்லை, வெயில் மண்டையைப் பிளக்கிறது. ஆனாலும் காலை எட்டு மணிக்குத் தெருவில் கணுக்கால் அளவு தண்ணீர். கடல் கரையைத் தாண்டி வருவதில்லை, வடிகால் மூடி வழியாகத்தான் வருகிறது. நாம் வளர்த்த பிள்ளை மாதிரி, கதவைத் தட்டாமல்.

மூன்றாம் மாடியிலிருந்து இறங்கினேன். கீழ்த்தளத்தில் ஒரு பக்கம் என் கணவருடைய ஃபிரிட்ஜ் ரிப்பேர் கடை, மறுபக்கம் தையல்காரர் வீடு. அவர் ஃபிரிட்ஜ்களைச் செங்கல் மேல் ஏற்றிக்கொண்டிருந்தார். "உப்புத் தண்ணி வந்தாத்தான் ஃபிரிட்ஜ் கெடும், ஃபிரிட்ஜ் கெட்டாத்தான் நமக்குச் சோறு," என்று சிரிப்பு வேறு. தையல்காரரும் சிரித்தார். நான் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு ஆபீஸ் போனேன்.

மார்ச் 9, திங்கள்

எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

கடலோரப் பணிகள் அலுவலகத்தில் பத்தொன்பது வருடமாக வரைவாளர் நான். எங்கள் பிரிவுத் தலைவரை ‘ஸ்கேல்’ என்போம். முதுகு சொறியக்கூட அவருக்கு ஸ்கேல்தான் வேண்டும். இன்று அவர் கதவைச் சாத்திவிட்டு ஒரு கோப்பைக் கொடுத்தார். புதிதாகக் கட்டப்போகும் தடுப்புச் சுவர் எந்தெந்த இடம் வழியாகப் போகிறது என்ற அளவுகள். வரைபடத்தில் புள்ளி புள்ளியாக வைத்துக்கொண்டே வந்தேன். துறைமுகம் உள்ளே. ஆஸ்பத்திரி உள்ளே. சந்தை உள்ளே. பதினான்காவது புள்ளியில் கோடு கடலை விட்டு ஊருக்குள் திரும்பியது. தப்பாக வைத்துவிட்டேன் என்று அழித்து மறுபடி வைத்தேன். அதே இடம்.

எங்கள் தெரு வெளியே.

வெளியே இருக்கும் பகுதிக்குச் சாம்பல் நிறம் கொடுக்க வேண்டும். கீழே விளக்கம்: ‘பாதுகாக்கப்படாத பகுதி’. நிறம் கொடுத்தது நான். என் வீட்டு மாடிப்படிக்கும் சேர்த்து.

பிறகு ஒரு தாளில் கையெழுத்து. திட்டம் வெளியாகும்வரை யாரிடமும் மூச்சு விடக்கூடாது. ஆறு மாதமாம், எட்டும் ஆகலாமாம்.

மார்ச் 10

வீட்டில் அவரிடம் சொல்லவில்லை. அவரிடம் ஒன்றைச் சொல்வதும் மைக் வைத்துச் சொல்வதும் ஒன்றுதான்.

மார்ச் 14, சனி

அக்கா ஃபோன் செய்தாள். மாமா போனதிலிருந்து இரண்டு மணி நேரத் தூரத்தில் தனியாக இருக்கிறாள். நர்ஸ் வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு அவளுக்கு வீடே வார்டு மாதிரி, ஆனால் நோயாளி இல்லை.

"கீழ் வீட்டுத் தையல்காரர் பொண்ணு ஊரோட போயிடப்போறாராமே? அந்த வீட்ட நானே வாங்கிக்கறேன்டி. மிச்ச காலத்த உன் பக்கத்துல ஓட்டிடறேன்."

சொன்னது யார்? என் வீட்டு மைக்தான். பக்கத்தில் நின்று பல்லெல்லாம் தெரியச் சிரித்துக்கொண்டிருந்தார்.

"பாக்கலாம்க்கா" என்றேன். வேறு என்ன சொல்ல?

மார்ச் 17, செவ்வாய்

ஸ்கேலிடம் கேட்டேன். "சார், என் கூடப் பிறந்தவளுக்காவது சொல்லலாமா?"

அவர் நிமிரவில்லை. "என் மாமனார் வீடும் அந்தப் பக்கம்தாம்மா. நான் சொன்னேனா? சொன்னா அவர் வித்துடுவாரு. வாங்கறவனும் மனுஷன்தானே?"

அவர் சொன்னது சரி. அவர் செய்வதும் சரியா?

மார்ச் 22, ஞாயிறு

அக்கா வீட்டைப் பார்க்க வந்தாள். கீழ் வீட்டு ஜன்னலைத் திறந்து, கடலைப் பார்த்து, சின்னப் பிள்ளை மாதிரி நின்றாள். எத்தனை வருடம் ஆயிற்று அவள் முகத்தை அப்படிப் பார்த்து.

நான் வாய்க்கு வந்ததை எல்லாம் சொன்னேன். சுவரில் ஈரம் ஏறும். இரும்பு நிற்காது. உனக்கு மூட்டுவலி. அவள் ஒவ்வொன்றுக்கும் சிரித்தாள். கடைசியில் சிரிப்பு நின்றது.

"நான் வர்றது உனக்குப் பிடிக்கலன்னா நேராச் சொல்லிடு. இப்படிச் சுத்தி வளைக்காத."

சாப்பிடாமலே பஸ் ஏறிவிட்டாள். அவர் என்னை முறைத்தார். நான் என்ன பண்ணுவேன்? யார்கிட்டப் போய்ச் சொல்லுவேன்? சொன்னாலும் போச்சு, சொல்லாட்டியும் போச்சு.

மார்ச் 26, வியாழன்

அக்காவுக்கு ரோஷம். நான் தடுக்கத் தடுக்க வாங்கியே தீருவேன் என்று நாளைக்கே பத்திரப்பதிவுக்கு நாள் வாங்கிவிட்டாள். இன்று லீவு போட்டுவிட்டு அவள் வீட்டுக்குப் போனேன். வாசல்படியிலேயே சொல்லிவிட்டேன், செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

அக்கா படியில் உட்கார்ந்துவிட்டாள். பிறகு, "கோடு போட்டது யாரு?"

"நான்தான்க்கா."

தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். நான் குடித்து முடிக்கும்வரை நின்றாள். "தையல்காரருக்குத் தெரியுமா?"

"தெரியாது."

"அப்போ நான் வாங்கலன்னா வேற யாராவது வாங்குவாங்க. அவங்களுக்குச் சொல்ல எந்தத் தங்கச்சிடி இருக்கா?"

பஸ்ஸில் திரும்பும்போது முழுக்க அதுதான் காதில்.

மார்ச் 29

அக்கா ஏன் பின்வாங்கினாள் என்று அவர் துளைத்து எடுத்தார். சொல்லிவிட்டேன். அவருக்குக் கடல்மேல் கோபம் வரவில்லை, ஆபீஸ்மேல் வரவில்லை. "இருபது நாள்! என் பக்கத்துலதானே படுத்திருந்த?" என்றார். அதற்குப்பின் பேச்சில்லை.

ஏப்ரல் 5, ஞாயிறு

அதிசயம், மைக் வேலை செய்யவில்லை. அவர் யாரிடமும் சொல்லவில்லை. மாடிப்படியில் யாராவது எதிரே வந்தால் இருவரும் ஒரே சமயத்தில் தலையைக் குனிகிறோம். முன்பு நான் மட்டும் உள்ளே மாட்டியிருந்தேன், இப்போது இரண்டு பேர். அவர் இளைத்துவிட்டார்.

ஏப்ரல் 11, சனி

கீழ் வீட்டைப் பார்க்க ஒரு ஜோடி வந்தது. இரண்டு பேரும் பள்ளி ஆசிரியர்கள். அந்தப் பெண்ணுக்கு ஏழு மாதம் இருக்கும். தொட்டிலை எங்கே மாட்டலாம் என்று கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். நான் காய்கறிப் பையோடு வாசலில் நின்றேன்.

தையல்காரர், "நல்ல ஆளுங்க கூட இருப்பீங்க. மேல் வீட்டம்மா கடலோர ஆபீஸ்லயே வேலை பாக்குறாங்க," என்று என்னைக் காட்டினார். அந்தப் பெண் என்னைப் பார்த்து, "அப்ப பயமே இல்ல," என்றாள்.

சொல்லிவிட்டேன். எல்லார் முன்னாலும்.

அவர்கள் போனபிறகு தையல்காரர் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார். "எம்பொண்ணு அங்க ரூம் ஒதுக்கி வெச்சிருக்கா. இனிமே இத யாரு வாங்குவா? என் கழுத்துல கயித்தப் போட்டுட்டியேம்மா."

அவர் இதுவரை ஒரு கடுஞ்சொல் பேசியதில்லை. இப்போதும் சத்தமாகப் பேசவில்லை. அதுதான் தாங்கவில்லை.

ஏப்ரல் 12

தெரு முழுக்கத் தெரிந்துவிட்டது. ‘பாதகி’ என்று ஒரு குரல், எந்த மாடி என்று பார்க்கவில்லை. கோடு போட்டவளும் நான், வெளியே சொன்னவளும் நான். எதற்குத் திட்டுகிறார்கள்? இரண்டுக்கும்தான்.

ஏப்ரல் 13, திங்கள்

ஸ்கேல் கேட்டார்: "நீங்களா?" ஆமாம் என்றேன். தற்காலிகப் பணிநீக்கம். என் மேஜையைக் காலி செய்யும்போது கூடவே நின்றார். "எங்க மாமனார் நேத்து ஃபோன் பண்ணாரும்மா," என்றார்.

மே 21, வியாழன்

இனி மறைத்துப் பயனில்லை என்று திட்டத்தை வெளியிட்டுவிட்டார்கள். இன்று மண்டபத்தில் கூட்டம். நான் வரைந்த படம் சுவர் அளவுக்குப் பெரிதாக. சாம்பல் நிறம் அவ்வளவு தூரத்திலிருந்தும் பளிச்சென்று தெரிந்தது.

ஆளாளுக்குக் கத்தினார்கள். தையல்காரர் எழுந்தபோது என்னைத்தான் சொல்லப்போகிறார் என்று புடவைத் தலைப்பைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன்.

அவர் தலைமைப் பொறியாளரைப் பார்த்து, "சுவர் எங்களுக்கு இல்ல. சரி. எங்கள எங்க வெக்கப்போறீங்க?" என்றார்.

மேடையில் தாள் புரட்டும் சத்தம் மட்டும். அதற்கு அவர்களிடம் ஒரு தாளும் இல்லை. கடைசியில், மாற்று வீடு தருவதாக எழுதிக் கொடுத்தபிறகுதான் ஜனம் அவர்களை வெளியே விட்டது. மூன்று வருடம் ஆகுமாம்.

அதுவரை? விற்கவும் முடியாது, போகவும் முடியாது. தெருவே அப்படியே.

ஜூன் 30

வேலை திரும்பவில்லை. அவர் கடையில் ஃபிரிட்ஜ் கதவுகளுக்கு ரப்பர் ஒட்டுகிறேன். பேசுகிறார், தேவைக்கு.

ஜூலை 18

அக்கா வந்து பத்து நாள் தங்கினாள். தையல்காரர் அவளிடம் பேசினார், என்னைக் கண்டதும் நிறுத்திக்கொண்டார்.

ஆகஸ்ட் 13, வியாழன்

அமாவாசைக்கு மறுநாள். இதுவரை இவ்வளவு ஏறியதில்லை. காலை ஒன்பது மணிக்குத் தையல்காரர் வீட்டுக்குள் முழங்கால் தண்ணீர்.

மாடிப்படியில் தடதடவென்று சத்தம். அவரும் தையல்காரரும் தையல் மெஷினை இரண்டு பக்கமும் பிடித்துத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். மூச்சு வாங்கியது இருவருக்கும். தையல்காரர் என் முகத்தைப் பார்க்காமல் அவரிடம், "ஜன்னலோரமா வெச்சுக்கலாமான்னு உங்க வீட்டுல கேளுங்க," என்றார். நான் அதற்குள் மேஜையை நகர்த்திவிட்டேன்.

நாளைக்குக் கொடுக்க வேண்டிய பள்ளிச் சீருடைகள். மதியம் முழுக்க மெஷின் ஓடியது. நான் சமையலறையில் இருந்தேன், வெளியே வரத் துணிவில்லை. நான்கு மணிக்குச் சத்தம் நின்றது. நின்றபடியே இருந்தது. எட்டிப் பார்த்தேன். ஊசியைக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு நூலோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார்.

தலையைத் தூக்காமலே சொன்னார்: "இதக் கொஞ்சம் கோத்துக் குடும்மா."

முதல் தடவை நூல் விலகிப்போயிற்று. இரண்டாவது தடவையில் நுழைந்துவிட்டது.